ஒரு நாட்டுக்குள் இன்னொரு நாடு: ஐரோப்பாவின் சிதறிய நிலத் துண்டுகள்

பெல்ஜிய எல்லையிலிருந்து வடக்கே சில கிலோமீட்டர் தள்ளி, நெதர்லாந்து மண்ணில், பார்லே என்று ஒரு சிற்றூர் இருக்கிறது. அதன் கடைத்தெருவில் நடைபாதைக் கற்களுக்கு நடுவே வெள்ளைச் சிலுவைக் குறிகள் ஒன்றன்பின் ஒன்றாக ஓடும். குறிகளின் ஒரு பக்கம் பெல்ஜியத்தின் முதலெழுத்து, மறுபக்கம் நெதர்லாந்தைக் குறிக்கும் எழுத்துகள். அந்த வரிசை நேராகப் போகாது. சாலையைக் குறுக்கே கடக்கும். காபிக் கடையின் வெளிமேசைக்கு அடியில் நுழையும். பக்கத்து வீட்டுச் சுவரில் முட்டி உள்ளே புகுந்து, கொல்லைப்புறமாக வெளியேறும். மேசையின் இந்தப் பக்கம் உட்கார்ந்திருப்பவர் நெதர்லாந்தில் காபி குடிக்கிறார். எதிரே இருப்பவர் பெல்ஜியத்தில் குடிக்கிறார். காவலரும் இல்லை, கம்பிவேலியும் இல்லை.

அதே ஊரில் ஒரு வீட்டுக்கு எல்லைக்கோடு வாசற்கதவின் நடுவிலேயே போகிறது. கதவின் இருபுறமும் இரண்டு கதவிலக்கப் பலகைகள், இரண்டு நாட்டுக் கொடிகளோடு. வீடு ஒன்றுதான். முகவரி மட்டும் இரண்டு.

ஐரோப்பிய வரைபடத்தை முதன்முதலாகப் பார்ப்பவர்களுக்கு அங்கே நாடுகள் எல்லாம் வண்ணம் தீட்டிய ஓடுகளைப் பொருத்தியதுபோல நேர்த்தியாகத் தெரியும். பிரான்ஸ் ஒரு நிறம், ஜெர்மனி ஒரு நிறம். கொஞ்சம் கிட்டப் போய்ப் பார்த்தால் ஒரு நிறத்துக்குள் இன்னொரு நிறத்தின் பொட்டுகள் தெரியும். போட்டித் தேர்வுக்குப் படிப்பவர்கள் இந்தப் பொட்டுகளை ஒரு வரிக் கேள்வியாக மனப்பாடம் செய்துவிட்டுக் கடந்து போகிறார்கள். ஐரோப்பாவின் வரலாற்றுக்குள் நுழைவதற்கு இவற்றைவிட நல்ல வாசல் இல்லை என்பது என் உறுதியான எண்ணம். நாடு என்றால் என்ன, எல்லை என்றால் என்ன என்ற இரண்டு பெரிய கேள்விகளுக்கும் இந்தச் சின்னஞ்சிறு துண்டுகள் விடை சொல்கின்றன.

முதலில் பெயர்

இப்படிப்பட்ட நிலத்துக்கு இரண்டு பெயர்கள் உண்டு: என்கிளேவ், எக்ஸ்கிளேவ். இரண்டையும் ஒன்றாகக் குழப்பிக்கொள்ளாதவர்கள் குறைவு. என்கிளேவ் என்ற சொல் பிரெஞ்சு மொழியிலிருந்து வந்தது. அதன் வேர் சாவி என்று பொருள்படும் லத்தீன் சொல். உள்ளே வைத்துப் பூட்டப்பட்டது என்று வைத்துக்கொள்ளலாம். ஒரே ஒரு நாடு நாலாபுறமும் சூழ்ந்திருக்க, நடுவே அகப்பட்ட அந்நிய நிலம் என்கிளேவ். எக்ஸ்கிளேவ் என்பது தாய்நாட்டோடு ஒட்டாமல் பிரிந்து கிடக்கும் துண்டு.

ஒரே பெண் ஒரு வீட்டுக்கு மகள், இன்னொரு வீட்டுக்கு மருமகள் இல்லையா? அதுபோலத்தான். பார்லேயில் உள்ள பெல்ஜியத் துண்டுகள், சூழ்ந்திருக்கும் நெதர்லாந்தின் கண்ணுக்கு என்கிளேவ். பிரிந்திருக்கும் பெல்ஜியத்தின் கண்ணுக்கு எக்ஸ்கிளேவ். ஆனால் எல்லா இடத்திலும் இரண்டும் சேர்ந்தே வரும் என்பதில்லை. சான் மரினோ 61 சதுர கிலோமீட்டர் பரப்புள்ள தனி நாடு, சுற்றிலும் இத்தாலி. அது என்கிளேவ் மட்டுமே, ஏனென்றால் அதைப் பிரிந்து தவிக்கும் தாய்நாடு என்று ஒன்று இல்லை. 1929-ஆம் ஆண்டின் லாத்தரன் உடன்படிக்கையால் தனி நாடான வாட்டிகனும் அப்படியே. உலகத்தில் ஒரே நாட்டால் முழுவதும் சூழப்பட்ட சுதந்திர நாடுகள் மூன்றுதான். இந்த இரண்டோடு ஆப்பிரிக்காவின் லெசோத்தோ. மொனாக்கோவை இந்தப் பட்டியலில் சேர்க்கக் கூடாது. அதற்குக் கடற்கரை இருக்கிறது.

எதிர்ப்பக்க உதாரணத்துக்கு நாம் ஐரோப்பாவுக்கே போக வேண்டியதில்லை. நாகப்பட்டினத்திலிருந்து வடக்கே பஸ்ஸில் போகிறவர் சிறிது நேரத்தில் காரைக்காலுக்குள் நுழைந்து புதுச்சேரி ஒன்றியப் பகுதிக்கு வந்துவிடுகிறார். இன்னும் கொஞ்ச தூரத்தில் மறுபடி தமிழ்நாடு. மூன்று பக்கம் தமிழ்நாடு, கிழக்கே வங்கக் கடல். கடல் திறந்திருப்பதால் காரைக்கால் என்கிளேவ் ஆகாது. புதுச்சேரியிலிருந்து பிரிந்து கிடப்பதால் எக்ஸ்கிளேவ். புதுச்சேரி மாவட்டமே தமிழ்நாட்டு ஊர்களோடு பின்னிப் பிணைந்து பல துண்டுகளாகத்தான் கிடக்கிறது. பிரெஞ்சுக்காரர்கள் வெவ்வேறு காலத்தில் வெவ்வேறு ஆட்சியாளர்களிடம் பெற்ற கிராமங்கள் அவை. 1954-ல் பிரெஞ்சு ஆட்சி கைமாறிய பிறகும் அந்தப் பழைய கணக்கு வரைபடத்திலிருந்து அழியவில்லை. ஐரோப்பாவில் நடந்ததும் இதே கதைதான், இன்னும் பழையது, இன்னும் சிக்கலானது.

1198-ல் எழுதிய பத்திரம்

பார்லேயில் நெதர்லாந்துக்குள் கிடக்கும் பெல்ஜியத் துண்டுகள் 22. அந்தப் பெல்ஜியத் துண்டுகளுக்குள்ளேயே மறுபடி 7 நெதர்லாந்துத் துண்டுகள். பெல்ஜியத்தின் பெருநிலப்பகுதிக்குள் இன்னும் ஒரு நெதர்லாந்துத் துண்டு. ஆக மொத்தம் 30. ஒரு துண்டு நிலம் முழுக்க வயல். இன்னொரு துண்டில் நாலைந்து வீடுகள். மற்றொன்றில் தேவாலயமும் கடைத்தெருவும்.

எந்தப் புத்தியுள்ள அரசு இப்படி எல்லை வகுக்கும்? எந்த அரசும் வகுக்கவில்லை என்பதுதான் விடை. பார்லே இப்படிப் பிரிந்த காலத்தில் பெல்ஜியமும் இல்லை, நெதர்லாந்தும் இல்லை. 1198-ஆம் ஆண்டு அங்கே இருந்தவர்கள் பிரபான்ட் பகுதியின் கோமகன் ஹென்றியும், பிரேடா ஊரின் பிரபு கொட்ஃப்ரிட்டும். பக்கத்து ஹாலந்துப் பிரபுவிடம் அச்சம் கொண்டிருந்த கொட்ஃப்ரிட், கோமகனின் பாதுகாப்பைத் தேடினார். அன்றைய வழக்கப்படி தன் நிலத்தைக் கோமகனுக்குக் கொடுத்து, அவருக்குக் கட்டுப்பட்டவராக அதையே திரும்பப் பெற்றுக்கொண்டார். அதோடு பார்லேயைச் சுற்றிய தரிசு நிலங்களையும் கோமகன் சேர்த்துக் கொடுத்தார். ஆனால் ஏற்கெனவே குடியும் பயிரும் இருந்த, வரி வந்துகொண்டிருந்த நிலங்களை மட்டும் விடவில்லை. வருமானம் தரும் நஞ்சையைத் தன்னிடம் வைத்துக்கொண்டு புஞ்சைக் காட்டை எழுதிக் கொடுப்பது நம் ஊர் பாகப்பிரிவினையிலும் காணாத சங்கதி இல்லையே!

கோமகனின் பாகம் பார்லே-ஹெர்டோக் ஆனது. ஹெர்டோக் என்றால் டச்சு மொழியில் கோமகன். பிரேடாவின் பாகம் பதினைந்தாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் திருமணத்தின் வழியாக நஸாவ் குடும்பத்துக்குப் போய், பார்லே-நஸாவ் ஆனது. ஊரின் பெயரிலேயே அந்தப் பழைய நில உரிமையாளர்கள் இன்றும் உட்கார்ந்திருக்கிறார்கள்.

இதைப் பிடித்துக்கொண்டால் ஐரோப்பாவின் பாதி வரைபடம் புரிந்துவிடும். அன்றைக்கு ஆட்சி என்பது ஏறக்குறைய சொத்துரிமை மாதிரி. ஓர் ஊரை விற்கலாம், அடகு வைக்கலாம், சீதனமாகக் கொடுக்கலாம், மடத்துக்கு எழுதி வைக்கலாம். நிலம் தொடர்ச்சியாக இருக்க வேண்டும் என்று யாரும் கவலைப்படவில்லை. ஒரு மிராசுதாருக்குப் பத்து ஊரில் பத்து வயல் இருந்தால் அவருக்கு என்ன கஷ்டம்? கஷ்டம் வந்தது பின்னால், மிராசுதார்கள் போய் தேசங்கள் வந்தபோது. ஒரே சட்டம், ஒரே சுங்கம், ஒரே நாணயம், ஒரே ராணுவம் என்று நாடுகள் தங்களை இறுக்கிக் கட்டத் தொடங்கிய பிறகுதான் இந்தத் துண்டுகள் தொல்லையாகின. பழைய பத்திரங்களின் மேல் புதிய தேசங்களை விரித்தார்கள். அடியில் இருந்த மேடு பள்ளம் மேலே தெரிகிறது.

1648-ல், ஸ்பெயினின் ஆட்சியை எதிர்த்து டச்சுக்காரர்கள் நடத்திய எண்பதாண்டுப் போர் முடிந்தபோது பிரேடா டச்சுக் குடியரசுக்கு உறுதியானது. பார்லேயின் கோமகன் பாகமோ தெற்கே ஸ்பானிய ஆட்சியிலேயே தங்கியது. 1830-ல் நெதர்லாந்திலிருந்து பெல்ஜியம் பிரிந்து தனி நாடாயிற்று. இரு நாடுகளும் கூடி எல்லைக் கற்கள் நட்டுக்கொண்டே வந்தன. 214-ஆம் கல் வரை வந்தார்கள். அடுத்த 215-ஆம் கல்லை அந்தப் பக்கம் நட்டார்கள். நடுவே இருந்த பார்லே பகுதியில் மட்டும் தொடர்ச்சியாக ஒரு கோடு போட முடியவில்லை. 1843-ஆம் ஆண்டின் மாஸ்ட்ரிக்ட் உடன்படிக்கை அதற்கு ஒரு வழி கண்டுபிடித்தது. கோட்டை விட்டுவிட்டு, 5,732 நிலத் துண்டுகளை ஒவ்வொன்றாக எண் போட்டு, இது இந்த நாட்டுக்கு, இது அந்த நாட்டுக்கு என்று பட்டியல் எழுதினார்கள். புல எண்ணும் பட்டாவும் வைத்து இரண்டு தேசங்களின் எல்லையை நிர்ணயித்த ஆவணம் அது.

பட்டா என்றால் எழுத்துப் பிழை இல்லாமல் இருக்குமா? 91, 92 என்ற இரண்டு துண்டுகள் ஊர்க் குறிப்பேட்டில் நெதர்லாந்துப் பாகத்தில் எழுதப்பட்டிருந்தன. உடன்படிக்கையில் பெல்ஜியப் பாகத்தில் ஏறிவிட்டன. நூறாண்டுக்கு மேல் இழுத்த அந்தத் தகராறு ஹேக் நகரில் உள்ள பன்னாட்டு நீதிமன்றம் வரை போயிற்று. 1959 ஜூன் மாதம் 10-க்கு 4 என்ற கணக்கில் நீதிபதிகள் பெல்ஜியத்துக்குச் சாதகமாகத் தீர்ப்பு எழுதினார்கள். இரு மன்னராட்சி நாடுகள் இரண்டு வயல்களுக்காக உலக நீதிமன்றத்தில் நின்றதை நான் சிறுபிள்ளைத்தனமாக நினைக்கவில்லை. துப்பாக்கி எடுக்காமல் வழக்காடிய அந்தப் பொறுமைதான் பார்லேயைக் காப்பாற்றியது. மிச்சமிருந்த அளவை வேலைகள் முடிந்து எல்லை முழுமையாக உறுதிப்பட்டது 1995-ல்தான்.

இன்றைய பார்லேயில் இரண்டு மேயர்கள், இரண்டு நகர மன்றங்கள், இரண்டு போலீஸ். ஒரு வீடு எந்த நாட்டைச் சேர்ந்தது என்பதற்கு அங்கே ஒரு வழக்கம் உண்டு: வாசற்கதவு எந்த நாட்டில் திறக்கிறதோ, வீடு அந்த நாட்டுக்கு. சமையலறையும் படுக்கையறையும் எங்கே இருந்தாலும் சரி. ஆகவே கட்டட அனுமதியோ வரியோ மறுபக்கம் வசதியாகப் பட்டால் கதவை நாலடி தள்ளி வைத்துக்கொண்டவர்கள் உண்டு. சுவரை இடித்துக் கதவு வைத்தால் நாடு மாறிவிடும் இடம் உலகத்தில் வேறெங்கே இருக்கிறது?

இந்த வேடிக்கைக்குப் பின்னால் ஒரு பெரிய உண்மை இருப்பது 1914-ல் தெரிந்தது. முதல் உலகப் போரில் ஜெர்மானியப் படை பெல்ஜியத்தை ஏறக்குறைய முழுவதும் பிடித்துவிட்டது. நெதர்லாந்து நடுநிலை நாடு. நெதர்லாந்துக்குள் கிடந்த பார்லே-ஹெர்டோக் துண்டுகளுக்குப் போக வேண்டுமானால் ஜெர்மானியர் டச்சு மண்ணை மிதித்தாக வேண்டும். அது இன்னொரு நாட்டோடு போர். ஆகவே அந்தத் துண்டுகள் கடைசிவரை சுதந்திர பெல்ஜியமாகவே இருந்தன. பெல்ஜியர்கள் 1915-ல் அங்கே ஒரு வானொலித் தந்தி நிலையத்தை நிறுவி, எதிரியின் முதுகுக்குப் பின்னாலிருந்து செய்தி அனுப்பினார்கள். தன் நடுநிலைக்குப் பழுது வரக் கூடாது என்று டச்சு அரசு அந்தத் துண்டைச் சுற்றி முள்வேலி போட்டது. அதே காலத்தில் ஜெர்மானியர்கள் பெல்ஜிய, டச்சு எல்லை நெடுக மின்சாரம் பாயும் கம்பிவேலி கட்டியிருந்தார்கள். தப்பியோட முயன்று அதில் சிக்கி இறந்தவர்கள் பலர்.

நூறு ஆண்டு கழித்து 2020 மார்ச்சில் கொரோனா வந்தபோது மறுபடி கோடு விழித்துக்கொண்டது. அத்தியாவசியமற்ற கடைகளை மூடச் சொன்னது பெல்ஜியம்; நெதர்லாந்து சொல்லவில்லை. எல்லை நடுவே ஓடும் ஒரு துணிக்கடையில் பாதித் தளத்தை நாடா கட்டி அடைத்துவிட்டு, மீதிப் பாதியில் வியாபாரம் நடந்தது.

ஒரு சொல்லால் தப்பிய ஊர், ஒரு பகையால் சிக்கிய ஊர்

பிரனீஸ் மலைத்தொடரில், பிரான்சுக்குள் சில கிலோமீட்டர் தொலைவில், யீவியா என்ற ஸ்பானிய ஊர் இருக்கிறது. பிரான்சும் ஸ்பெயினும் நீண்ட போருக்குப் பின் 1659-ல் பிரனீஸ் உடன்படிக்கை செய்துகொண்டன. அதன் தொடர்ச்சியாக அந்தப் பள்ளத்தாக்கில் 33 கிராமங்களைப் பிரான்சுக்குக் கொடுப்பதென்று முடிவாயிற்று. கிராமங்கள் என்றுதான் எழுதியிருந்தது. யீவியாவோ பழைய அரச சாசனத்தால் நகரம் என்ற தகுதி பெற்றிருந்தது. கிராமங்களைத்தானே கொடுக்க ஒப்புக்கொண்டோம், நகரத்தை அல்லவே என்று ஸ்பெயின் பிடித்துக்கொண்டது. சுற்றியிருந்த ஊர்களெல்லாம் பிரான்ஸ் ஆயின. யீவியா ஸ்பெயினாகவே நின்றது, இன்றுவரை.

அந்த உடன்படிக்கை கையெழுத்தான இடமும் பார்க்க வேண்டியது. இரு நாட்டுக்கும் நடுவே ஓடும் பிடசோவா ஆற்றில் ஃபெசன்ட் தீவு என்று ஆளில்லாத ஒரு சிறு திட்டு. பிப்ரவரி முதல் ஜூலை முடிய அது ஸ்பெயினுடையது. ஆகஸ்ட் முதல் ஜனவரி முடிய பிரான்சுடையது. முறைவைத்துக் கோயில் பூசை செய்வதுபோல இரு தேசங்களும் ஒரு தீவை முறைவைத்து ஆள்கின்றன.

சுவிட்சர்லாந்துக்குள் ரைன் நதிக்கரையில் கிடக்கும் ஜெர்மன் ஊரான பியூசிங்கனின் கதை வேறு. அங்கே காரணம் ஒரு சொல் இல்லை, தீராப் பகை. 1693-ல் ஆஸ்திரியாவின் சார்பில் பியூசிங்கனை ஆண்ட எபர்ஹார்ட் இம் தூர்ன் என்பவரை, மதச் சண்டையும் குடும்பச் சண்டையும் கலந்த ஒரு தகராறில், பக்கத்து ஷாஃப்ஹௌசன் நகரத்தார் கடத்திக்கொண்டு போய்ச் சிறையில் அடைத்துவிட்டார்கள். ஆஸ்திரியா கடுமையாக நெருக்கிய பிறகுதான் சில ஆண்டுகள் கழித்து விட்டார்கள். ஆஸ்திரியா இதை மறக்கவில்லை. பின்னாளில் அந்தப் பக்கத்து ஊர்களின் உரிமையைச் சுவிஸ்காரர்களுக்கு விற்றபோதும் பியூசிங்கனை மட்டும் விற்க மறுத்தது. ஷாஃப்ஹௌசனுக்கு அது என்றைக்கும் முள்ளாக உறுத்தட்டும் என்பது எண்ணம். நெப்போலியன் காலத்தில் ஊர் கைமாறிக் கைமாறி ஜெர்மன் நாடான பாடனிடம் சேர்ந்தது. முதல் உலகப் போர் முடிந்ததும் ஊர் மக்கள் வாக்கெடுப்பு நடத்தினார்கள். 96 சதவீதத்தினர் சுவிட்சர்லாந்தோடு சேர விரும்பினார்கள். ஈடாகக் கொடுக்கப் பொருத்தமான நிலம் சுவிட்சர்லாந்திடம் இல்லாததால் காரியம் நடக்கவில்லை. இருநூறு ஆண்டுக்கு முந்தைய ஒரு கடத்தலுக்கு அந்த மக்கள் எதற்காக விலை கொடுக்க வேண்டும் என்று நினைக்கும்போது எனக்கு வருத்தமாகவே இருக்கிறது.

சுமார் 1,500 பேர் வாழும் அந்த ஊர் இன்று ஜெர்மன் சட்டத்துக்குக் கட்டுப்பட்டது. சுங்கத்துக்கோ சுவிட்சர்லாந்தின் பகுதி. 1967-ல் நடைமுறைக்கு வந்த ஓர் உடன்படிக்கை அப்படி வகுத்தது. யூரோ செல்லும், ஆனால் கடைகளில் புழங்குவது சுவிஸ் பிராங்க். அஞ்சல் குறியீடு இரண்டு. ஊர்க் கால்பந்துக் குழு விளையாடுவது சுவிஸ் போட்டிகளில்.

இத்தாலியின் கம்பியோனே என்ற ஊரும் சுவிட்சர்லாந்துக்குள், லுகானோ ஏரிக்கரையில், இப்படிச் சிக்கியிருக்கிறது. எட்டாம் நூற்றாண்டில் அந்த நிலத்தின் பிரபு அதை மிலான் நகர மடம் ஒன்றுக்கு எழுதி வைத்ததில் தொடங்கிய கதை அது.

எல்லாமே இப்படிப் பழையவை என்று எண்ணிவிட வேண்டாம். ஃபென்பான் என்ற ரயில் பாதை ஜெர்மனி, பெல்ஜிய எல்லையோரம் வளைந்து வளைந்து போகும். 1919-ஆம் ஆண்டின் வெர்சாய் உடன்படிக்கைக்குப் பிறகு அந்தப் பாதை பெல்ஜியத்துக்கு என்றானது. தண்டவாளம் ஓடிய நிலப்பட்டை மட்டும், இருபுறமும் உள்ள ஊர்கள் இல்லை. சில மீட்டர் அகலமுள்ள அந்தப் பட்டைக்கு மேற்கே அகப்பட்ட ஜெர்மன் நிலங்கள் எல்லாம் துண்டுகளாயின. இன்றும் ஐந்து இருக்கின்றன. ரயில் நின்றுபோய்ப் பல ஆண்டுகள் ஆகிவிட்டன. பாதை இப்போது சைக்கிள் ஓட்டுபவர்களுக்கு. ஆனால் அவர்கள் மிதிக்கும் அந்தப் பட்டை இன்றும் பெல்ஜியம்தான்.

உறவு கெட்டால்

பார்லேயையும் பியூசிங்கனையும் மட்டும் பார்த்தால் இந்தத் துண்டுகள் சுற்றுலாப் பயணிகளுக்கான விந்தைகள் என்றே தோன்றும். அப்படித் தோன்றுவதற்குக் காரணம், சுற்றியிருக்கும் நாடுகள் சண்டையை விட்டுவிட்டதுதான். 1985 ஜூன் 14 அன்று லக்சம்பர்க்கில் ஷெங்கன் என்ற சிற்றூரின் அருகே, மோசல் நதியில் நின்ற ஒரு படகில், ஐந்து நாடுகள் எல்லைச் சோதனையை நீக்கிவிடுவதென்று கையெழுத்திட்டன: பெல்ஜியம், நெதர்லாந்து, லக்சம்பர்க், பிரான்ஸ், அன்றைய மேற்கு ஜெர்மனி. 1995-ல் அது நடைமுறைக்கு வந்தது. இன்று 29 நாடுகள் அதில் இருக்கின்றன. ஐரோப்பிய ஒன்றியத்தில் சேராத சுவிட்சர்லாந்தும் உண்டு. ஷெங்கன் உறுப்பும் ஒன்றிய உறுப்பும் ஒன்றல்ல என்பதை இங்கே குறித்துக்கொள்வது நல்லது. அயர்லாந்து ஒன்றியத்தில் இருக்கிறது, ஷெங்கனில் இல்லை.

அந்தப் பந்தலுக்கு வெளியே நிற்பது கலினின்கிராட். பால்டிக் கடலோரம், போலந்துக்கும் லித்துவேனியாவுக்கும் நடுவே, ஏறக்குறைய 15,000 சதுர கிலோமீட்டர் ரஷ்ய நிலம். சுமார் பத்து லட்சம் பேர் வாழ்கிறார்கள். கடல் இருப்பதால் அது என்கிளேவ் இல்லை, எக்ஸ்கிளேவ். 1945 வரை அதன் தலைநகரத்தின் பெயர் கோனிக்ஸ்பெர்க்; தத்துவ அறிஞர் இம்மானுவேல் காண்ட் பிறந்து, வாழ்ந்து, புதைக்கப்பட்ட ஜெர்மன் நகரம். போரில் சோவியத் ஒன்றியம் அதை எடுத்துக்கொண்டது. 1946-ல் பெயர் மாறியது. மிஞ்சியிருந்த ஜெர்மானியர்கள் சில ஆண்டுகளில் வெளியேற்றப்பட்டார்கள். சோவியத் காலத்தில் அது பிரிந்து கிடந்ததை யாரும் உணரவில்லை, ஏனென்றால் லித்துவேனியாவும் அதே ஒன்றியத்தில் இருந்தது. வீட்டின் உள்ளறை போல இருந்த இடம், 1991-ல் வீடு உடைந்ததும் தெருவுக்கு அப்பால் போய்விட்டது. 2004-ல் போலந்தும் லித்துவேனியாவும் ஐரோப்பிய ஒன்றியத்திலும், லித்துவேனியா அதோடு நேட்டோவிலும் சேர்ந்தன. மாஸ்கோவிலிருந்து வரும் ரயில் இன்று பெலாருசையும் லித்துவேனியாவையும் கடந்துதான் அங்கே போக வேண்டும். உக்ரைன் போர் தொடங்கிய பின் 2022 ஜூனில், தடை விதிக்கப்பட்ட பொருள்களை அந்த வழியாக விட மாட்டோம் என்று லித்துவேனியா நிறுத்தியபோது உலகமே அந்தத் தண்டவாளத்தைக் கவலையோடு பார்த்தது.

ஒரு துண்டு நிலத்தில் வாழ்வது எப்படியிருக்கும் என்பதை இவை எல்லாவற்றையும்விட நெருக்கமாகச் சொல்வது பெர்லினின் ஷ்டைன்ஷ்டூக்கன். 1787-ல் ஷ்டோல்ப்பே என்ற கிராமத்து விவசாயிகள் கொஞ்சம் தள்ளியிருந்த ஒரு நிலத்தை வாங்கினார்கள். அவ்வளவுதான் அதன் தொடக்கம். 1920-ல் பெர்லின் மாநகரம் விரிந்தபோது அந்த நிலம் அதன் கணக்கில் சேர்ந்தது. சுற்றியிருந்த நிலம் சேரவில்லை. ஒரே நாடு என்பதால் யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. இரண்டாம் உலகப் போருக்குப் பின் மேற்கு பெர்லின் ஒரு பக்கமும் கிழக்கு ஜெர்மனி மறுபக்கமும் ஆனதும், சுமார் 200 பேர் வாழ்ந்த அந்தக் குடியிருப்பு கம்யூனிஸ்ட் நாட்டுக்குள் அகப்பட்ட மேற்கு பெர்லினாக மாறிவிட்டது. மேற்கு பெர்லினே கிழக்கு ஜெர்மனிக்குள் ஒரு தீவு. அந்தத் தீவுக்கும் ஒரு தீவு இது.

வெளியே போக ஏறக்குறைய ஒரு கிலோமீட்டர் பாதை. இடையில் சோதனைச் சாவடிகள். குடியிருப்பவர்களுக்கு மட்டுமே அனுமதி. உறவினர் வந்து பார்க்க முடியாது. 1961 ஆகஸ்டில் பெர்லின் சுவர் எழுந்ததும் இந்த வீடுகளைச் சுற்றியும் தடுப்பு எழுந்தது. தாங்கள் கைவிடப்பட்டுவிடுவோமோ என்று அந்த மக்கள் பயந்திருந்த நேரத்தில், செப்டம்பர் 21 அன்று அமெரிக்கத் தளபதி லூசியஸ் கிளே ஹெலிகாப்டரில் நேரே அங்கே வந்து இறங்கினார். ஒரு மணி நேரம்கூட இருக்கவில்லை. ஆனால் அதன்பின் அமெரிக்க வீரர்கள் சிலர் அங்கேயே தங்கவைக்கப்பட்டார்கள்; ஹெலிகாப்டரில் வருவார்கள், ஹெலிகாப்டரில் மாற்றலாகிப் போவார்கள். மூன்று பேர் காவல் இருந்தாலும் அவர்களுக்குப் பின்னால் ஒரு வல்லரசு நிற்கிறது என்று அதற்குப் பொருள்.

பத்து ஆண்டுகள் இப்படியே ஓடின. 1971-ல் பெர்லினைப் பற்றி அமெரிக்கா, பிரிட்டன், பிரான்ஸ், சோவியத் ஒன்றியம் என்ற நான்கு வல்லரசுகளும் ஓர் உடன்பாட்டுக்கு வந்த பிறகு, இரு தரப்பும் நிலம் மாற்றிக்கொண்டன. மேற்கு பெர்லினுக்கு ஒரு நீளமான நிலப்பட்டை கிடைத்தது. 1972-ல் அதில் சாலை போட்டுத் திறந்தார்கள். இருபுறமும் சுவர், நடுவே தார்ச்சாலை. அந்தச் சாலை திறந்த நாளோடு ஷ்டைன்ஷ்டூக்கன் துண்டு நிலமாக இருப்பது முடிந்தது. நம் நாட்டிலும் கூச்பிகார் பகுதியில் இந்தியாவும் வங்கதேசமும் 2015-ல் 162 துண்டுகளை மாற்றிக்கொண்டு அங்கு வாழ்ந்தவர்களின் நெடுநாள் துயரத்தை முடித்தன. வழி அதேதான்: பத்திரத்தால் வந்ததைப் பத்திரத்தால் தீர்ப்பது.

1989-ல் பெர்லின் சுவர் விழுந்து, ஜெர்மனி ஒன்றானதும் அந்தச் சாலையின் இருபுறச் சுவர்களும் போயின. இன்று ஷ்டைன்ஷ்டூக்கனுக்குப் போகிறவர் மரங்களுக்கு நடுவே அமைதியான ஒரு குடியிருப்பைத்தான் பார்ப்பார். ஒரு தெருவின் பெயர் மட்டும் 'இறங்குதளத் தெரு' என்று பொருள்படும். ஹெலிகாப்டர்கள் இறங்கிய இடத்தில், பழைய ஹெலிகாப்டர் ஒன்றின் சுழலி இறக்கைகளை நினைவுச்சின்னமாக நிமிர்த்தி நட்டிருக்கிறார்கள். அதன் பக்கத்தில் பிள்ளைகள் விளையாடும் திடல்.